பந்தி வஞ்சனை என்று எழுதுமுன்: தமிழ் வேதாகம விளக்கவுரையாசிரியர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய விளக்கவுரையாசிரியர்களே, வேதபாடக் குறிப்புகள் எழுதுவோரே,

வணக்கம்.

கொரிந்து நகரச் சபைக்குப் பவுல் எழுதிய முதல் கடிதத்தின் (1 கொரிந்தியர்) 11ஆம் அதிகாரம், கர்த்தருடைய பந்தியில் சபையார் பிரிந்து உண்டதைக் கண்டிக்கிறது. அதற்குத் தமிழில் வரும் குறிப்புகள் பெரும்பாலும் இரண்டில் ஒரு வழியில் போகின்றன. சிலர் 20 முதல் 22 வரையுள்ள வசனங்களை ஒரே மூச்சில் கடந்து, தன்னைத்தானே சோதித்தறிவது பற்றிய 28ஆம் வசனத்தில் போய் உட்கார்ந்துகொள்கிறார்கள். மற்றவர்கள் 'கொரிந்து சபையில் பணக்காரர்கள் பந்தி வஞ்சனை செய்தார்கள், ஏழைகள் பட்டினி கிடந்தார்கள்' என்று நேரில் பார்த்ததுபோல் எழுதி, ஆதாரமாக 'கெர்ட் தைசன்' என்ற பெயரைப் போட்டுவிடுகிறார்கள். இந்த மடல் இரண்டாவது வகையினருக்கு. புதிய ஏற்பாட்டையும் அதன் சமூக வரலாற்றையும் கற்பிக்கும் நாங்கள் தைசனை மிகவும் மதிக்கிறோம். ஆனால் அவருடைய முடிவைவிட அதை அவர் எட்டிய வழியே நமக்குப் பயன்படும். அந்த வழியில் எங்கெங்கே கால் இடறும் என்பது கடந்த 50 ஆண்டு விவாதத்தில் நன்றாகவே தெரிந்துவிட்டது. பெயரை எடுத்துக்கொண்டு வழியை விட்டுவிடுகிறீர்கள் என்பதே எங்கள் குறை.

தைசன் 1943இல் பிறந்த ஜெர்மானிய இறையியலாளர். 1980 முதல் ஹைடல்பெர்க் பல்கலைக்கழகத்தில் புதிய ஏற்பாட்டுப் பேராசிரியராக இருந்தவர். கொரிந்து சபை பற்றிய அவருடைய முக்கியக் கட்டுரைகள் 1974, 1975ஆம் ஆண்டுகளில் வெளிவந்தன. அவை எந்த விவாதத்துக்குள் வந்து விழுந்தன என்பது தெரியாமல் அவற்றைப் படித்தால் பாதிதான் விளங்கும். 1908இல் அடால்ஃப் டைஸ்மான், எகிப்தின் பாப்பிரஸ் தாள்களிலும் பானையோட்டு எழுத்துகளிலும் உள்ள பேச்சுவழக்குக் கிரேக்கத்தைப் புதிய ஏற்பாட்டின் மொழியோடு ஒப்பிட்டு, தொடக்கக் கிறிஸ்தவம் அடித்தட்டு மக்களின் இயக்கம் என்றார். அதே ஆண்டில் கார்ல் காவுட்ஸ்கி மார்க்சியப் பார்வையில் ஏறக்குறைய அதே இடத்துக்கு வந்தார். 1960இல் எட்வின் ஜட்ஜ் இதைத் தலைகீழாகத் திருப்பி, சபைகளில் நகரத்தின் வசதி படைத்தோர் கையே ஓங்கியிருந்தது என்று வாதிட்டார். தைசன் இரு தரப்பையும் ஒரே சபைக்குள் கொண்டுவந்தார்: கொரிந்துவில் பெரும்பாலோர் எளியவர்கள், செல்வாக்குள்ள சிலரும் உண்டு, கடிதத்தில் தெரியும் சண்டைகள் இந்த இடைவெளியிலிருந்து பிறந்தவை. 'ஞானிகள் அநேகரில்லை, வல்லவர்கள் அநேகரில்லை, பிரபுக்கள் அநேகரில்லை' என்று 1:26 சொல்கிறது. அநேகர் இல்லை என்றால் சிலர் இருந்தார்கள் என்பதே அவருடைய தொடக்கப் புள்ளி.

அந்தச் சிலரை எப்படி அடையாளம் காண்பது? தைசன் நான்கு அளவுகோல்களை வைத்தார்: ஒருவர் வகித்த பதவி, அவருடைய வீடு அல்லது வீட்டார் பற்றிய குறிப்பு, சபைக்கோ பவுலுக்கோ அவர் செய்த உதவி, அவர் மேற்கொண்ட பயணம். கொரிந்துவோடு தொடர்புள்ள 17 பெயர்களை (ஒன்று தனி ஆள் அல்ல, குலோவேயாளின் வீட்டார் என்ற குழு) இந்த அளவுகோல்களால் சலித்து, 9 பேர் மேல்தட்டைச் சேர்ந்தவர்கள் என்றார். இந்த 9 என்ற எண்ணை மட்டும் உருவி எடுத்து 'சபையில் பாதிப்பேர் பணக்காரர்' என்று எழுதுவது முதல் பிழை. கடிதத்தில் பெயர் சொல்லப்படுகிறவர்கள் முன்னணியில் நிற்பவர்கள்; பெயர் வராத பெருங்கூட்டத்துக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. தைசனுக்கே இது தெரியும். பயணம் என்ற ஒன்று மட்டும் இருந்தால் அந்த ஆளின் நிலை உறுதியில்லை என்றும் அவர் சொல்லியிருக்கிறார். அடிமையும்தான் எஜமான் வேலையாகக் கப்பலேறினான்.

உங்கள் குறிப்பை எழுதுமுன் ஓர் அட்டவணை போட்டுக்கொள்ளுங்கள். முதல் பத்தியில் பெயர், இரண்டாவதில் பவுலின் கடிதங்களில் உள்ள செய்தி, மூன்றாவதில் அப்போஸ்தலர் நடபடிகளில் உள்ள செய்தி, நான்காவதில் எந்த அளவுகோல், ஐந்தாவதில் உறுதியின் அளவு. இரண்டாவதையும் மூன்றாவதையும் தனித்தனியாக வைப்பதுதான் இதில் முக்கியம். கிறிஸ்புவை எடுத்துக்கொள்ளுங்கள். பவுல் சொல்வதெல்லாம் அவனுக்கு ஞானஸ்நானம் கொடுத்தேன் என்பதே (1:14). யூத ஜெபஆலயத் தலைவன் என்ற பதவி அப்போஸ்தலர் 18:8இலிருந்து வருகிறது. அது பின்னாளில் எழுதப்பட்ட நூல். சொஸ்தேனே இன்னும் சிக்கல்: 1 கொரிந்தியரின் முதல் வசனத்தில் வரும் 'சகோதரனாகிய சொஸ்தேனே'யும் அப்போஸ்தலர் 18:17இல் அடிவாங்கும் ஜெபஆலயத் தலைவனும் ஒருவர்தானா என்பதற்கு உறுதியான சான்று இல்லை. இரண்டு பத்திகளையும் கலந்துவிட்டால் இந்த வேறுபாடு கண்ணில் படாது. ஸ்தேவானுக்கு எல்லாமே பவுலின் கையிலிருந்தே கிடைக்கிறது: வீட்டார் (1:16), பரிசுத்தவான்களுக்குச் செய்த ஊழியம் (16:15), பவுலிடம் வந்து சேர்ந்த பயணம் (16:17). அளவுகோல் மூன்று, ஆனாலும் 'வீட்டார்' என்றதும் அடிமைகள் நிறைந்த மாளிகை என்று படம் வரைந்துவிடக் கூடாது. குலோவேயாள் கிறிஸ்தவளா என்பதே தெரியாது. பவுலுக்குச் செய்தி கொண்டுபோனவர்கள் அவளைச் சார்ந்தவர்கள். அவர்கள் அடிமைகளாகவோ அவளுடைய வேலையாட்களாகவோ இருந்திருக்கலாம்.

பெயரை மட்டும் வைத்துத் தீர்ப்பு எழுதுவதிலும் நிதானம் வேண்டும். தெர்தியு, குவர்த்து என்றால் 'மூன்றாமவன்', 'நான்காமவன்'. அடிமைகளுக்கு வழங்கிய வகைப் பெயர்கள்தாம். ஆனால் அடிமையல்லாதவர்களுக்கும் அப்பெயர்கள் உண்டு. இதைச் சரியாகச் செய்யும் முறையைப் பார்க்க விரும்புவோர், ஹைடல்பெர்க்கிலேயே பணியாற்றிய பீட்டர் லாம்பே ரோமர் 16ஆம் அதிகாரத்தைக் கையாண்ட விதத்தைப் பாருங்கள். வாழ்த்துப் பெறும் 26 பேரில் பெயர் சொல்லப்பட்டவர்களின் பெயர்களை ரோம் நகரக் கல்வெட்டுகளில் தேடி, ஒவ்வொரு பெயரும் எத்தனை முறை, எப்படிப்பட்டவர்களுக்கு வருகிறது என்று எண்ணினார். அதற்குப் பிறகும் 13 பேரைப் பற்றி மட்டுமே ஏதாவது சொல்ல முடியும் என்று நிறுத்திக்கொண்டார். அந்த 13 பேரில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேற்பட்டோர் அடிமைப் பின்னணி உடையவர்களாக இருக்கக்கூடும் என்பது அவர் முடிவு. மீதிப் பாதியைப் பற்றி வாயைத் திறக்காததுதான் அந்த ஆய்வின் அழகு.

இனி ஏரஸ்து. தமிழ்க் குறிப்புகளில் இவரைப்போல் வீங்கியவர் வேறு யாருமில்லை. ரோமர் 16:23 அவரைப் பட்டணத்து உக்கிராணக்காரன் (நகரப் பொருளாளன்) என்கிறது. கொரிந்துவின் நாடக அரங்கை ஒட்டிய கல்தளத்தில் 1929இல் ஒரு லத்தீன் கல்வெட்டு கிடைத்தது. சுமார் 18 செ.மீ. உயரமுள்ள எழுத்துகளைச் சுண்ணாம்புக் கல்லில் வெட்டி, உள்ளே வெண்கலம் பதித்திருந்தார்கள். 'ஏரஸ்து, தனக்குக் கிடைத்த ஈடிலிஸ் பதவிக்குக் கைம்மாறாக, தன் சொந்தச் செலவில் இந்தத் தளத்தைப் போட்டான்' என்பது அதன் பொருள். ஈடிலிஸ் என்பது சந்தை, தெரு, பொதுக் கட்டடங்களைக் கவனிக்கும் நகரப் பதவி. இரண்டையும் ஒட்டவைத்து, 'கொரிந்துவின் நகர அதிகாரி கிறிஸ்தவர், கல்வெட்டே சாட்சி' என்று எழுதிவிடுகிறோம். நடுவில் உள்ள தடைகளைப் பாருங்கள். கல்வெட்டின் இடப்பக்கம் உடைந்திருக்கிறது. குடும்பப் பெயர் இல்லை. 'ஏரஸ்து' என்பதே வேறொரு நீண்ட பெயரின் வால் என்று வாதிடுவோரும் உண்டு. காலம் முதல் நூற்றாண்டின் நடுப்பகுதி என்று பலர் கொண்டாலும், இரண்டாம் நூற்றாண்டு என்று ஸ்டீவன் ஃப்ரீசன் வாதிட்டிருக்கிறார். ரோமர் கடிதம் சொல்லும் பொறுப்பும் ஈடிலிஸும் ஒன்றல்ல. நகரக் கருவூலத்தில் கணக்குப் பார்த்த நகர அடிமைக்கும் ரோமர் கடிதத்தின் அந்தக் கிரேக்கச் சொல் வழங்கியது. தைசன் இந்தத் தடையை அறிந்தே, ஏரஸ்து முதலில் நிதிப் பொறுப்பில் இருந்து பிறகு ஈடிலிஸாகத் தேர்ந்தெடுக்கப்பட்டிருக்கலாம் என்று ஒரு படிக்கட்டு கட்டினார். அது நடந்திருக்கக்கூடிய கதை. ஆனால் நாம் 'இருக்கலாம்' என்பதை மொழிபெயர்க்கும்போது விட்டுவிடுகிறோம்.

பந்திக்கு வருவோம். 11:17-34க்கு தைசன் கேட்ட கேள்விகள் நான்கு. பந்தியில் தனித்தனிக் குழுக்கள் இருந்தனவா? சாப்பாடு வெவ்வேறு நேரத்தில் தொடங்கியதா? அளவு வேறுபட்டதா? பண்டம் வேறுபட்டதா? நான்குக்கும் ஆம் என்பதே அவர் பதில். அவர் காட்டும் காட்சி இது: வசதியுள்ளவர்கள் எல்லாருக்கும் வேண்டிய அப்பத்தையும் திராட்சரசத்தையும் கொண்டுவருகிறார்கள், ஆனால் கர்த்தருடைய வார்த்தைகளைச் சொல்லி அது பொதுவாக்கப்படுமுன், தங்கள் சொந்தச் சாப்பாட்டைத் தங்களுக்குள் தொடங்கிவிடுகிறார்கள், அதில் இறைச்சி போன்ற கூடுதல் பண்டமும் இருந்திருக்கும்.

நான்கு பதில்களுக்கும் ஒரே வலு இல்லை. குழுப் பிரிவு உறுதியானது: உண்ணவும் குடிக்கவும் வீடு உள்ளவர்களையும் ஒன்றுமில்லாதவர்களையும் 22ஆம் வசனமே எதிரெதிராக நிறுத்துகிறது. அளவு வேறுபாடும் 21இல் தெரிகிறது: ஒருவன் பசியோடு இருக்கிறான், ஒருவன் குடித்து வெறித்திருக்கிறான். நேர வேறுபாடு விவாதத்துக்குரியது. 21ஆம் வசனத்தின் கிரேக்க வினை 'முந்தி' என்ற பொருளைத் தருகிறதா, வெறுமனே 'சாப்பிடுவதை'க் குறிக்கிறதா என்பதில் கருத்து பிரிகிறது. 33ஆம் வசனத்தின் 'ஒருவருக்காக ஒருவர் காத்திருங்கள்' என்பதும் 'ஒருவரையொருவர் ஏற்று உபசரியுங்கள்' என்று வாசிக்க இடம் தருகிறது. 'வேலை முடிந்து அடிமைகள் தாமதமாக வந்தார்கள், அதற்குள் தீர்ந்துவிட்டது' என்று பிரசங்கங்களில் வரும் காட்சி வசனத்தில் இல்லை; ஊகம். பண்ட வேறுபாடுதான் எல்லாவற்றிலும் மெலிந்தது. இந்தப் பகுதியில் இறைச்சி என்ற பேச்சே கிடையாது. எனவே நான்கையும் ஒரே வாக்கியத்தில் அடைக்காமல், ஒவ்வொன்றுக்கும் ஒரு வாக்கியமும் அதன் வலுவும் எழுதுங்கள்.

பின்னணிச் சான்றுகளை எடுத்தாளும்போது ஊரும் ஆண்டும் கட்டாயம் சேருங்கள். தனக்கும் நெருங்கியவர்களுக்கும் நல்ல மது, சிறிய நண்பர்களுக்கு இன்னொன்று, விடுதலை பெற்ற அடிமைகளுக்கு மூன்றாம் தரம் என்று மூன்று வகைக் குடுவைகள் வைத்த ஒரு விருந்தை, கடிதங்களால் பெயர்பெற்ற ரோமப் பிரமுகர் இளைய பிளினி கண்டிக்கிறார். தன் வீட்டில் எல்லாருக்கும் ஒன்றே என்கிறார். செலவு ஏறுமே என்று கேட்டதற்கு அவர் சொன்ன பதில்: நான் குடிப்பதை அவர்கள் குடிப்பதில்லை, அவர்கள் குடிப்பதை நான் குடிக்கிறேன். மார்ஷியல் என்ற கவிஞர், புரவலன் கொழுத்த புறாவைத் தின்னும்போது தனக்குக் கூண்டிலேயே செத்த பறவையை வைத்தார்கள் என்று கசந்து பாடுகிறார். சுவையான சான்றுகள், நம் ஊரில் பந்தி வஞ்சனை என்ற சொல்லைக் கேட்டவர் எவருக்கும் உடனே புரியும். ஆனால் இவை இத்தாலியில், மேல்தட்டு வீடுகளில், பவுலின் கடிதத்துக்கு 30, 40 ஆண்டுகள் கழித்து எழுந்தவை. கொரிந்து, கி.மு. 146இல் ரோமப் படை அழித்து, கி.மு. 44இல் ஜூலியஸ் சீசர் ரோமக் குடியேற்றமாக மீண்டும் நிறுவிய ஊர் என்பதால் ரோமப் பழக்கம் அங்கே இருந்திருக்கும் என்று வாதிடலாம். அதை வாதமாகவே எழுதுங்கள்.

எளியவர்களின் பந்திக்கு இதைவிடப் பொருத்தமான சான்று ஒன்றுண்டு. தமிழில் யாரும் அதைத் தொடுவதில்லை. ரோமுக்கு அருகே லனுவியம் ஊரில், தியானா தேவியின் பெயரால் இயங்கிய ஈமச்சடங்குச் சங்கத்தின் விதிகள் கி.பி. 136ஆம் ஆண்டுக் கல்வெட்டில் உள்ளன. சேர்க்கைக் கட்டணம் ரோம நாணயத்தில் 100 செஸ்டர்ஸ், ஒரு ஜாடி நல்ல மது. மாதச் சந்தா, ஆஸ் என்ற சிறு நாணயத்தில் 5. உறுப்பினர் இறந்தால் 300 செஸ்டர்ஸ். அதில் 50 சிதையருகே வந்தோருக்குப் பங்கிடப்படும். அடிமைகளும் உறுப்பினர்கள். விருந்துப் பொறுப்பாளர் கொண்டுவர வேண்டியவை: ஒரு ஜாடி நல்ல மது, ஆளுக்கு இரண்டு ஆஸ் விலையில் ரொட்டி, ஆளுக்கு நான்கு மத்தி மீன். சங்கத் தலைவருக்கு எல்லாப் பங்கீட்டிலும் இரட்டைப் பங்கு. எழுத்தருக்கும் சேவகருக்கும் ஒன்றரைப் பங்கு. ஏழைகளே கூடிய சங்கத்திலும் பங்கு சமமில்லை, அதை விதியாகவே வெட்டிவைத்தார்கள். கொரிந்துவின் வசதியுள்ளவர்கள் தாங்கள் செய்தது தவறு என்றே எண்ணாமல் இருந்திருக்கலாம் என்று தைசன் வாதிடுவதற்கு இது நல்ல தூண்.

வீட்டின் வரைபடம் போடுகிறவர்களுக்கு ஒரு சொல். 9 பேர் சாய்ந்து உண்ணும் கூடம், 30, 40 பேர் நெருக்கியடித்து நிற்கும் முற்றம் என்ற படம் ஜெரோம் மர்ஃபி-ஓ'கானர் என்ற ஆய்வாளருடையது. தைசனுடையது என்று எழுதாதீர்கள். கொரிந்துவின் அனப்லோகா மாளிகையில் கூடம் 5.5 × 7.5 மீட்டர், முற்றம் 5 × 6 மீட்டர் என்ற அளவுகளிலிருந்து அவர் தொடங்கினார். அவர் ஒப்பிட்ட வீடுகளில் ஒன்று ஒலிந்துஸ் நகரத்தது. அந்த நகரமே கி.மு. 348இல் அழிந்துவிட்டது, பவுலுக்கு 400 ஆண்டுகள் முன். டேவிட் ஹாரெல் 2004இல் இதைச் சுட்டி, கொரிந்துவின் நாடக அரங்குக்குக் கிழக்கே இருந்த கடைகளும் மேல்மாடிக் குடியிருப்புகளும் கொண்ட கட்டடங்களையும் எண்ணிப்பார்க்கச் சொன்னார். பீட்டர் ஓக்ஸ் பொம்பேயியின் ஒரு கைவினைஞர் வீட்டை வைத்து, சுமார் 30 பேர் கூடும் சபை எப்படி இருந்திருக்கும் என்று கணக்கிட்டார். முற்றமும் கூடமும் இல்லாத வீட்டில் இடப் பிரிவே எழாது. பிரிவு பண்டத்திலோ பங்கிலோதான் இருந்திருக்கும்.

தைசனுக்கு வந்த கடுமையான மறுப்பு ஜஸ்டின் மெகிட்டுடையது. பேரரசின் மக்களில் 99 சதவீதத்துக்கும் மேற்பட்டோர் பிழைப்பு மட்டத்தையொட்டியே வாழ்ந்தனர், பவுலின் சபையார் எல்லாரும் அதில் அடக்கம் என்று 1998இல் வாதிட்டார். தைசன் 2001இல் பதில் எழுதினார். ஃப்ரீசன் 2004இல் ஏழு படி அளவுகோல் ஒன்றைத் தந்தார்: பெருநகரங்களில் முதல் மூன்று படிகளில் சுமார் 3 சதவீதம், மிதமான மிச்சம் உள்ள நான்காம் படியில் 7, ஐந்தில் 22, பிழைப்பு மட்டமான ஆறில் 40, அதற்கும் கீழான ஏழில் 28. பவுலின் கடிதங்களில் வரும் யாரையும் அவர் நான்காம் படிக்கு மேல் ஏற்றவில்லை. புரூஸ் லாங்கனெக்கர் 2010இல் நான்கு முதல் ஏழு வரையுள்ள படிகளை 15, 27, 30, 25 என்று திருத்தினார். இந்த எண்கள் மதிப்பீடுகள். யாரும் வீடுவீடாகப் போய்க் கணக்கெடுக்கவில்லை. உங்களுக்கு இவற்றின் பயன் வேறு: 'பணக்காரர்' என்ற சொல்லை எழுதும்போதெல்லாம் எந்தப் படி என்று கேட்டுக்கொள்ளலாம். சபை முழுவதையும் உபசரித்த காயு நான்காம் படியில் இருந்தால், அவர் செனட்டர் அல்ல. ஓரளவு பெரிய வீடும் கொஞ்சம் மிச்சமும் உள்ளவர். அடுத்தவேளைக்கு வழியில்லாத ஏழாம் படிக்காரரின் கண்ணுக்கு அதுவே பெரிய தூரம்.

8 முதல் 10 வரையுள்ள அதிகாரங்களின் விக்கிரகப் படையல் சிக்கலிலும் (விக்கிரகங்களுக்குப் படைத்த இறைச்சியை உண்ணலாமா என்ற கேள்வி) இதே எச்சரிக்கை போதும். ஏழைகளுக்கு இறைச்சி திருவிழாப் பங்கீட்டில்தான் கிடைத்தது, அதனால் அவர்களுக்கு அது தெய்வத்தோடு ஒட்டியே இருந்தது என்பது தைசனின் விளக்கம். தெருவோரச் சமையல் கடைகளில் மலிவான இறைச்சிப் பண்டங்கள் விற்றன என்பது மெகிட்டின் பதில். அந்த விஷயத்தில் எங்களுக்கு மெகிட் சொல்வதே கூடுதல் சரியாகப் படுகிறது.

கடைசியாக, விளக்கவுரைகள் பெரும்பாலும் தவிர்க்கும் 34ஆம் வசனம். ஒருவனுக்குப் பசித்தால் வீட்டிலே சாப்பிடட்டும் என்கிறார் பவுல். சொத்தைப் பகிருங்கள் என்று சொல்லவில்லை. வேறுபாட்டை வீட்டோடு வைத்துக்கொள்ளுங்கள், சபைக்குள் கொண்டுவராதீர்கள் என்கிறார். இந்தச் சமரசத்தை தைசன், எர்ன்ஸ்ட் ட்ரோல்ட்ஷ் என்ற ஜெர்மானிய இறையியலாளரிடமிருந்து பெற்ற ஒரு கருத்தால் விளக்கினார்: ஏற்றத்தாழ்வை அப்படியே விட்டு, மேலே இருப்பவருக்கு அன்பையும் கீழே இருப்பவருக்குப் பணிவையும் கடமையாக்கும் அன்புத் தந்தைமை. அவர் அதை ஓரளவு பாராட்டியே எழுதினார். பல தட்டினர் ஒரே சபையில் நிலைத்திருக்க அது உதவியது என்றார். பெண்ணிய இறையியலாளர் எலிசபெத் ஷுஸ்லர் ஃபியோரென்சா 1983இல் இதை மறுத்தார். மனைவி, பிள்ளை, அடிமை கீழ்ப்படிய வேண்டும் என்ற கொலோசெயர், எபேசியர் கடிதங்களின் ஒழுங்கைத் தொடக்கச் சபைகளின்மேல் பின்னோக்கி ஏற்றக் கூடாது என்பது அவர் வாதம். இந்த மறுப்பைச் சொல்லாமல் தைசனை மட்டும் எடுத்தாண்டால், ஏற்றத்தாழ்வுக்கு வேதாகம நியாயம் எழுதித் தந்தவர்களாவீர்கள்.

நம் மண்ணில் இது வெறும் ஏட்டுச் சிக்கல் அல்ல. கல்கத்தா பேராயர் டேனியல் வில்சன் 1833 ஜூலையில் சபைகளில் சாதி வேறுபாட்டை உடனே கைவிட வேண்டும் என்று சுற்றறிக்கை விட்டபோது, தஞ்சாவூரிலும் வேப்பேரியிலும் பலர் சபையை விட்டு வெளியேறினார்கள். தனி இருக்கையும் ஒரே பாத்திரத்தில் குடிப்பதும் சண்டையின் நடுவில் இருந்தன. 11ஆம் அதிகாரத்தை அதோடு பொருத்த உங்களுக்கு முழு உரிமை உண்டு, பொருத்தவும் வேண்டும். ஆனால் கொரிந்துவின் பிரிவு உடைமையால் வந்தது. பிறப்பால் தீட்டு என்ற எண்ணம் அந்தப் பந்தியில் இருந்ததாகக் கடிதம் சொல்லவில்லை. விளக்கத்தை முடித்து, வரி விட்டு, 'இனி வருவது நம் சபைக்கான பொருத்தம்' என்று தொடங்குங்கள். இரண்டும் ஒரே பத்தியில் கலந்தால், விளக்கத்தில் பிழை கண்டவர் பொருத்தத்தையும் சேர்த்துத் தள்ளிவிடுவார்.

அடுத்த பதிப்பில் ஏரஸ்து கல்வெட்டின் படம் இருந்தால், அதன் அடிக்குறிப்பை இப்படி மாற்றிவிடுங்கள்: 'கொரிந்து நாடக அரங்கை ஒட்டிய தளக் கல்வெட்டு. ஏரஸ்து என்ற நகர அதிகாரியைக் குறிக்கிறது. ரோமர் 16:23இல் வருபவரும் இவரும் ஒருவரே என்பது நிறுவப்படவில்லை.'

இப்படிக்கு,
புதிய ஏற்பாட்டுச் சமூக வரலாறு கற்பிப்போர் சிலர்